தூங்கனூரின் பச்சைக் குடை

நான் போய் விழும்போது அந்தக் கட்டில் சூடாக இருக்கும். தொண்ணூற்றொன்றில் மறைமலை நகரில் நான் தங்கியிருந்தது ஆஸ்பெஸ்டாஸ் கூரை போட்ட ஒற்றை அறை. ஒரு கட்டில், ஒரு தலையணை, இரண்டு பேர். பகல் ஷிஃப்ட் எனக்கு, வேறொரு கம்பெனியில் இரவு ஷிஃப்ட் அண்ணனுக்கு. சாயங்காலம் நான் நுழையும்போதுதான் அவர் எழுந்து சட்டையை மாட்டுவார். காலையில் அவர் திரும்பும்போது நான் பல் விளக்கிக்கொண்டிருப்பேன். தலையணைக்கு உறை மட்டும் ஆளுக்கொன்று வைத்திருந்தோம்.

அண்ணன் என்றால் கூடப் பிறந்தவர் இல்லை. என்னைவிடப் பத்துப் பன்னிரண்டு வயது மூத்தவர், வாடகையில் பாதி கொடுப்பவர், அவ்வளவுதான் உறவு. உள்ளே வந்ததும் சோற்றுப் பையைக்கூட மாட்டாமல், "இன்னாடா, தூங்கனூரு போனியா?" என்று கேட்பார். ஆள் மறை கழன்றவர் என்றுதான் முதலில் நினைத்தேன்.

தூங்கனூர் அவரே உண்டாக்கிய ஊர். கனவில் மட்டும் போகலாம். அதற்கு அடையாளங்கள் வைத்திருந்தார். முதலில் ஒரு நீலக் கேட் வர வேண்டும். இரண்டு பக்கமும் சுவர் இருக்காது. அதைத் தாண்டினால் கொலுசு போட்ட ஆட்டுக்குட்டி ஒன்று நிற்கும், அதன் பின்னாலேயே போக வேண்டும். அந்த ஊரில் ஏரி தரையில் கிடையாது, வானத்தில் இருந்தது. மேலே மீன்கள் ஓடும், சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் விழும். அந்தச் சொட்டுக்கடியில் ஒரு பச்சைக் குடை விரிந்திருக்கும், அதற்கடியில் யாரோ நிற்பார்கள். தூங்குவதற்கு முன் கேட், ஆடு, ஏரி, குடை என்று வரிசையாக நினைத்துக்கொண்டே கண்ணை மூடச் சொன்னார். ஒன்றையே தினமும் நினைத்தால் கனவு அந்த வழிக்கு வந்துவிடும் என்பது அவர் கணக்கு. நாங்கள் இரண்டு பேரும் மாறி மாறித் தூங்கினால் ஊரில் ஆள் இல்லாத நேரமே இருக்காதாம். "அடுத்த ஷிஃப்ட் ரிலீவர் வராம மிஷின வுட்டு நகருவியா நீ? அதே மாரிதான் இதுவும்" என்றார். எனக்குக் கோபம்கூட வந்தது. நாள் முழுக்க பிரஸ் மெஷினில் நின்றுவிட்டு வந்தவனுக்குத் தூக்கத்திலும் டூட்டியா?

குடைக்கடியில் யார் என்று ஒரு ஞாயிற்றுக்கிழமை டீக்கடையில் வைத்துச் சொன்னார். அவருடைய மகள். ஒன்றாம் வகுப்புப் படித்துக்கொண்டிருந்தது. சேரப்பணஞ்சேரியில் அவர்கள் வீட்டுக்குப் பக்கத்து ஏரியில் மூழ்கிவிட்டது. "அன்னிக்கு நான் ஓ.டி. பாத்துக்கினு இருந்தேன். அப்பா எங்கன்னு கேட்டுக்கினே இருந்துச்சாம். ஷிஃப்ட்டுக்குப் போயிருக்காருன்னு சொல்லிக்கிறாங்க. அப்பால வெளியே போயிருக்குது." டீயைக் குடிக்காமல் ஆடை படிய விட்டுவிட்டார். "உங்க அண்ணிக்கு டெய்லி கனவுல வருதுடா. காலைல எழுந்து இன்னா பேசுச்சின்னு சொல்லுவா. என்கிட்ட ஒரு தபாகூட வர்ல. அதயெல்லாம் கேட்டுக்கினு எப்டி வூட்ல இருக்கறது?"

அதற்குப் பிறகு நான் முனகாமல் கேட்டையும் ஆட்டையும் நினைத்துக்கொண்டு படுத்தேன். வானத்தில் ஏன் ஏரி என்று அவர் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. பல நாள் ஒன்றும் வரவில்லை. பிறகு கேட் வந்தது. ஆடு வந்தது, கொலுசுச் சத்தம் கேட்டது. இதையெல்லாம் சொல்லும்போது அண்ணன் முகம் இவ்வளவு பெரிதாக ஆகிவிடும். எனக்குத்தான் பாவமாக இருக்கும், அவருக்கு அந்த நீலக் கேட்கூட வந்ததில்லை.

ஒருநாள் அந்தப் பெண் வந்துவிட்டது. குடையைத் தோளில் சாய்த்துக்கொண்டு, எண்ணெய் வைத்து வாரிய தலையோடு நின்றது. விடிந்ததும், சொல்லலாமா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டே பல் விளக்கினேன். பெற்ற தகப்பனை விட்டுவிட்டு எவனோ ஒருவனிடம் வந்திருக்கிறதே! ஆனால் அவர் வாசலில் நின்று என் முகத்தைப் பார்த்ததுமே தெரிந்துகொண்டார்.

"வந்துச்சா?"

"வந்துச்சு ண்ணா."

"இன்னா கேட்டுச்சி?"

"அப்பா எங்கன்னு கேட்டுச்சு."

"நீ இன்னா சொன்ன?"

"ஷிஃப்ட்டுக்குப் போயிருக்காருன்னு சொன்னேன்."

வேறென்ன சொல்வது, கனவில் யார் யோசித்துப் பேசுகிறார்கள்? அண்ணன் கட்டிலில் உட்கார்ந்தார். அழவில்லை. பிறகு படுக்காமல் எழுந்து, தன்னுடைய உறையை மடித்துப் பைக்குள் வைத்தார். "அடுத்த தபா கேட்டா, ஷிஃப்ட் வுட்டாச்சு, அப்பா வூட்டுக்குப் போய்ட்டாருன்னு சொல்லு. மறந்துடாத, இன்னா?" என்று சொல்லிவிட்டு சேரப்பணஞ்சேரி பஸ் பிடிக்கப் போனார். இரவு வேலைக்கு அவர் திரும்பவே இல்லை. ஊருக்குப் பக்கத்திலேயே, படப்பையில் ஒரு மரக்கடையில் பகல் வேலைக்குச் சேர்ந்தார். மிச்சச் சாமானை எடுக்க ஒருமுறை வந்தபோது, "சொன்னியா?" என்று மட்டும் கேட்டார்.

"இன்னும் வரலை ண்ணா."

"பரவால்ல. வரும்."

வரவில்லை. அவர் போன பிறகு தூங்கனூர் எனக்கு அடைத்துப்போய்விட்டது. வருஷங்கள் ஓடின. நானும் படப்பைக்கே வந்து மனை வாங்கி வீடு கட்டிவிட்டேன். சேரப்பணஞ்சேரியைச் சுற்றிக் கம்பெனிகள் முளைத்து, மூன்று ஷிஃப்ட்டுக்கும் பஸ்கள் ஓடுகின்றன. போன வருஷம் அண்ணன் இறந்தபோது போயிருந்தேன். "கடைசி வரைக்கும் பாப்பா அவுரு கனவுல வரவே இல்ல தம்பி" என்றார் அண்ணி. எனக்கு அழுகை வரவில்லை. மெஷினில் நின்று நின்று கால் மரத்துப்போகுமே, உள்ளே அப்படித்தான் இருந்தது. மாலையைப் போட்டுவிட்டு ஷேர் ஆட்டோவில் திரும்பிவிட்டேன்.

இப்போது என்னுடையது அகலக் கட்டில். படுக்கும்போது சில்லென்று இருக்கிறது. கேட்டை நினைக்கிறேன், ஆட்டை நினைக்கிறேன், ஏரியை, குடையை நினைக்கிறேன். ஒன்றும் வருவதில்லை. அதற்காக வருத்தம்கூட இல்லை. கேட்டால் சொல்ல வேண்டியதை மட்டும் தினமும் ஒரு தரம் வாய்க்குள் சொல்லிப் பார்த்துக்கொள்கிறேன். ஷிஃப்ட் விட்டாச்சு பாப்பா, அப்பா வீட்டுக்குப் போய்ட்டாரு.