‘கையை விடேன்’ பாட்டும் லிஃப்ட்காரப் பட்டனும்

இது சத்தியமாக நடந்த கதை. ஒரு சொல் பொய் இருந்தாலும் என் நாக்கு அழுகிப் போகட்டும். சரி, நாக்கு எனக்கு வேண்டும், பிழைப்பே அதை வைத்துத்தான். அதனால் இப்போதே சொல்லிவிடுகிறேன்: அங்கங்கே கொஞ்சம் இழுத்திருக்கிறேன். ரப்பர் என்று கையில் கிடைத்தால் யார்தான் இழுக்காமல் இருக்கிறார்கள்?

ஒரு நாலு மாடிக் கட்டடம். அதில் கம்பிக் கதவு போட்ட ஒரு கிழட்டு லிஃப்ட். பின்னால் ஒரு நத்தை வந்தால், அதுவே “தம்பி, ஓரமா நில்லு” என்று சொல்லி முந்திக்கொண்டு போய்விடும், அவ்வளவு வேகம். அதை ஓட்டுகிறவனுக்குப் பட்டன் என்று பெயர். பெற்றவர்கள் வேறு ஏதோ வைத்தார்கள், அது அவனுக்கே மறந்துவிட்டது. நாலு என்றால் நாலை அமுக்குவான், கீழே என்றால் கீழே. வீட்டிலும் அப்படித்தான். அம்மா சாப்பிடு என்றால் சாப்பிடுவான், அவள் போதும் என்று சொன்னால்தான் கை கழுவுவான். எனக்கு இது வேண்டும் என்று அவன் வாயைத் திறந்து கேட்டதாகச் சரித்திரமே இல்லை.

கட்டட முதலாளிக்கு ஒருநாள் ஆசை வந்து லிஃப்டுக்குள் குட்டி ஸ்பீக்கர் ஒன்றை மாட்டினார். அதில் ஒரே ஒரு சினிமாக் காதல் பாட்டு. படம் வந்த வேகத்தில் பெட்டிக்குத் திரும்பிவிட்டது, பாட்டு மட்டும் ஊரைப் பிடித்துக்கொண்டது. கதாநாயகன் ஐஸ்கட்டி மாதிரி உருகுவான்: ‘கையை விடேன், கண்ணே, கையை விடேன்.’ கதவு மூடினால் தொடங்கும், திறந்தால் நிற்கும். கேட்டுக் கேட்டு, அந்த லிஃப்டில் இருந்த கொசுக்கள்கூட அதே ராகத்தில்தான் கடித்தன.

நாலாம் மாடியில் பல் டாக்டர். அவரிடம் வேலை பார்த்த பெண்ணை எல்லோரும் பஞ்சு என்பார்கள். வருகிறவர்கள் வாயில் பஞ்சை வைத்து அடைப்பது அவள் வேலை. அவள் வாயை அடைக்கத்தான் ஆள் இல்லை.

“என்ன பட்டன், இன்னைக்கு நாலாம் மாடிக்குப் போவோமா, இல்ல ஒரேயடியா மேலயே போய்ச் சேர்ந்துருவோமா?”

பட்டன் சிரிப்பான். அவள் இறங்கிப் போன பிறகுதான் அவனுக்குப் பதில் தோன்றும். ஆனால் மனசுக்குள் அவளைக் கட்டி, குடித்தனம் நடத்தி, பிள்ளையைப் பள்ளிக்கூடத்தில் சேர்த்து, அது பெயிலாகி, யார் செல்லம் கொடுத்தது என்று சண்டை போட்டு, சமாதானமும் ஆகியிருந்தான்.

ஒருநாள் பஞ்சு சிரிக்காமல் ஏறினாள்.

“எங்கண்ணன் எனக்கு மாப்பிள்ளை பார்த்திருக்கான். வெளியூரு. நாளைக்குக் கூட்டிட்டுப் போக வர்றான். நான் போகட்டுமா?”

பட்டன் நாலை அமுக்கினான். மாடிகள் நகர்ந்தன. அவள் அவன் மணிக்கட்டைப் பிடித்து உலுக்கினாள்.

“உன்னத்தான் கேக்கறேன். ஏதாவது சொல்லித் தொலையேன்!”

தலைக்கு மேலே பாட்டுக்காரன் உருகிக்கொண்டிருந்தான். முங்குகிறவன் கட்டையைப் பிடிக்கிற மாதிரி பட்டன் அதைப் பிடித்துக்கொண்டான்.

“கையை விடேன்.”

அவள் சுட்டதுபோலக் கையை எடுத்துக்கொண்டாள். “ஓ. சரி” என்றாள். நாலாம் மாடி வந்தது.

வீட்டுக்குப் போய், வாழ்க்கையில் முதல்முறையாக மனசைத் திறந்து பேசிவிட்ட பெருமையில் அக்காவிடம் சொன்னான். அக்கா தலையில் அடித்துக்கொண்டாள்.

“அடப்பாவி! கையைப் பிடிச்சவளைப் பார்த்து ‘கையை விடேன்’னா, விட்டுட்டுப் போடின்னுதானேடா அர்த்தம்?”

“பாட்டுல ‘விடமாட்டேன்’னுதானேக்கா?”

“பாட்டு செந்தமிழ்டா. நீ என்னைக்குடா செந்தமிழ் பேசின?”

மறுநாள் பட்டன் ‘விடமாட்டேன்’ என்பதை மந்திரம் மாதிரி முணுமுணுத்துக்கொண்டு நாலை அமுக்கினான். மூன்றாம் மாடி வருவதற்குள் கரண்ட் போனது. லிஃப்ட் பாதியில் தொங்கியது. மூன்றாம் மாடித் தரை அவன் கழுத்துக்கு நேரே இருந்தது. லிஃப்டைச் சுற்றித்தான் படிக்கட்டு. மேலிருந்து செருப்புச் சத்தம். அவள் செருப்பு. கூடவே இன்னொரு கனத்த செருப்பு.

“விடமாட்டேன்! விடமாட்டேன்!” என்று பட்டன் கத்தினான்.

அண்ணன் குனிந்து பார்த்தான். “யாருய்யா அது? என்னத்த விடமாட்ட? உன்னையே அது விடமாட்டேங்குது!”

“நீ முன்னாடி போண்ணா, வந்துடறேன்” என்றாள் பஞ்சு. பெட்டியோடு அவன் இறங்கிப் போனான்.

அவள் கம்பிக் கதவருகே உட்கார்ந்து கையை உள்ளே நீட்டினாள். பட்டன் இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டான். கத்தினபோது வந்த சொல், அவள் முகத்தைப் பார்த்ததும் வயிற்றுக்குள் ஓடிவிட்டது. அவள் காத்திருந்தாள். கீழேயிருந்து அண்ணன் கூப்பிட்டான். இன்னும் காத்திருந்தாள். பிறகு, மெதுவாக, “கையை விடேன்” என்றாள்.

பட்டன் யார் சொல்லையும் தட்டியவன் இல்லை. விட்டுவிட்டான்.

செருப்புச் சத்தம் கீழே இறங்கியது. அப்போது பார்த்துக் கரண்ட் வந்தது. நாலை அமுக்கியிருந்தானே, லிஃப்ட் அவனைத் தூக்கிக்கொண்டு மேலே போனது.

கதையை இந்த இடத்தில் கொண்டுவந்து வைத்தேனோ இல்லையோ, கேட்டுக்கொண்டிருந்த தையல்கடைக்காரம்மா கத்தரிக்கோலைக் கீழே போட்டாள்.

“அவ பாடினாடா! அந்தப் பாட்டைத்தான் பாடினா! மடப்பய விட்டுட்டானே!”

கூடவே கேட்டுக்கொண்டிருந்த பால்காரர் ஒத்துக்கொள்ளவில்லை. “பாடலம்மா, பேசினா. கம்பியில கை வலிச்சிருக்கும்.”

“வலிக்கிறவ எதுக்குய்யா உக்காந்து நீட்டணும்?”

“அவதான் நேரா ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமில்ல?” என்றார் தையல்கடைக்காரம்மாவின் புருஷன், பேசாமல் இருந்திருக்க வேண்டியவர்.

“நீங்க சொன்னீங்களா? எங்கப்பா வந்து ‘என் பொண்ணைப் பிடிச்சிருக்கா’ன்னு கேட்டப்போ சுவத்தப் பார்த்துக்கிட்டு நின்னவர்தானே?”

“நான் தலையாட்டினேன்டி!”

“எந்தப் பக்கம் ஆட்டினீங்க? அத இன்னைக்குச் சொல்லுங்க முதல்ல!”

“அம்மா, அது உங்க வீட்டு விவகாரம்” என்று பால்காரர் குறுக்கே வந்தார். பாவம், அதற்குப் பிறகு மூன்று பேர் பேசியதும் யாருக்கும் புரியவில்லை.