அம்மா அதில் என்ன சொன்னாள்?

அண்ணன் எடுத்த எட்டு நிமிட ஊமைப்படத்தை இன்று மாலை கீரனூர் வாசகசாலையில், ஜன்னல்களையெல்லாம் அடைத்துவிட்டுக் காட்டினோம்.

சிங்கப்பூர் மாமா கொடுத்த சின்னக் கேமராவில் எடுத்தது. பழைய ஊமைப்படம் போலவே இருக்க வேண்டும், ஆனால் நடுநடுவே வசனம் காட்டும் எழுத்து அட்டை ஒன்றுகூட வரக்கூடாது என்பது அண்ணனின் சோதனை. அந்தக் காலத்துக் கொட்டகைகளில் திரையருகே நின்று கதை சொன்னவர் அப்பா. இன்றும் அவரையே நிறுத்தினோம்.

அப்பா வெளுத்துக் கட்டினார்.

"பாருங்க, திருடன் இங்கிட்டு ஓடுறான், போலீசு அங்கிட்டுத் தேடுது!"

சிரிப்பு அடங்கவில்லை.

பிறகு கிணற்றடியில் அம்மா வந்தாள். கேமராவைப் பார்த்து ஏதோ சொல்லிச் சிரித்தாள். படம் எடுத்த மறுமாதம் இறந்துபோனவள்.

அப்பாவின் குரல் நின்றுவிட்டது.

"ஏங்க, அந்தம்மா என்ன சொல்லுறாங்க?" என்று பின்வரிசையில் ஒருவர் கேட்டார்.

அப்பா என் பக்கம் குனிந்தார். "ஏ ஆத்தா, நீதானே அன்னைக்கு அவ பக்கத்துல நின்னே? என்ன சொன்னா?"

கைக்கெட்டும் தூரத்தில்தான் நின்றிருந்தேன். எனக்கு நினைவில்லை.

அப்பா நிமிர்ந்தார். "எல்லாரும் இருந்து சாப்பிட்டுத்தான் போகணுமாம்!"

கூட்டம் கைதட்டியது.

எல்லோரும் போன பிறகு அந்த இடத்தை மட்டும் மூன்று முறை ஓட்டச் சொல்லி, அவள் உதடுகளையே பார்த்தேன். பிடிபடவில்லை.

அன்று கிணற்றடியில் இருந்த தோழிகளே, யாருக்காவது நினைவிருந்தால், நம் கையெழுத்துப் பத்திரிகை உங்கள் வீட்டுக்கு வரும்போது இந்தப் பக்கத்தின் ஓரத்தில் எழுதுங்கள். தெரியாவிட்டால் இட்டுக்கட்ட வேண்டாம். அதற்கு எங்கள் வீட்டில் அப்பா இருக்கிறார்.