பெயர் மாற்றிய படம்

லண்டன் டூட்டிங்கில், பலர் குடியிருந்த ஒரு வீட்டில் எங்களுக்கு ஒரே அறை. வாசல் சாவி கணவரிடம். "உனக்கெதுக்கு சாவி? நான் பாத்துக்க மாட்டேனா?" என்பார். வெளியே போனால் திரும்ப உள்ளே வர முடியாது. அதனால் போனதேயில்லை.

அதே வீட்டின் மாடி அறையில் இருந்த சித்தூர்ப் பெண் லாவண்யா, ஒரு மத்தியானம் லேப்டாப்போடு வந்தாள். "தெலுங்குல புது லவ் படம்க்கா!"

பாதியில் கண்டுபிடித்துவிட்டேன். கல்லூரியில் படித்தபோது இந்தியில் பார்த்த படம். "டப்பிங் பண்ணி பேர மாத்திட்டாங்கடி" என்று சிரித்தேன்.

"பேர மாத்தினா கதை மாறிடுமாக்கா?" என்றாள் அவளும் சிரித்தபடி.

எனக்குச் சிரிப்பு நின்றுவிட்டது. என்னை அடைத்து வைத்திருந்ததற்குப் பாசம் என்று பெயர் வைத்திருந்தது நானேதான்.

"லாவண்யா, உன் வாசல் சாவியக் கொஞ்சம் குடு."

தெருமுனை வரைதான் போனேன். திரும்பி வந்து, கதவை நானே திறந்தேன்.