ஒத்திகையில் மட்டும் உட்காரும் நாய்

எங்கள் வீட்டு நாட்டு நாய்க்கு ஒரே ஒரு கெட்ட பழக்கம். கேட் திறந்தால் லாரியைத் துரத்த ஓடும். எங்கள் தெருமுனையில் திரும்புகிற லாரிகள் கும்மிடிப்பூண்டி ஆலைகளுக்குப் பழைய இரும்பு ஏற்றிப் போகிறவை. நாய்க்காக பிரேக் போடும் வழக்கம் அவற்றுக்கு இல்லை.

மனைவி தீர்ப்பைச் சொல்லிவிட்டாள். "நில்லுன்னா நிக்கணும். இல்லாங்காட்டி பொன்னேரில எங்கண்ணன் ஊட்டுக்கு அனுப்சிடுவேன். வயக்காட்டுல உசுரோடயாவது கெடக்கும்."

நான் ஆலையொன்றில் பாதுகாப்பு அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்றவன். தீப்பிடித்தால் யார் எந்த வழியாக வெளியேற வேண்டும் என்று ஒரு தொழிற்சாலைக்கே சொல்லிக்கொடுத்தவனுக்கு நாயும் மூன்று சொற்களும் எம்மாத்திரம்? உட்கார், நில், வா. தினமும் காலையில் அதே இடம், அதே வரிசை, சரியாகச் செய்தால் சட்டைப்பையிலிருந்து ஒரு துண்டு பொறை ரொட்டி. சில வாரங்களில் பிசிறில்லாமல் செய்தது. மனைவியை அழைத்துக் காட்டினேன்.

"இன்னாங்க இது, நீங்க வாயத் தொறக்கறதுக்கு முன்னாலயே குந்திக்கிச்சே?"

எனக்கும் சந்தேகம் வந்தது. கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு "உட்கார்" என்றேன். வாலாட்டியபடி, பைக்குப் போகும் என் கையைத் தேடியது. கையைப் பைக்குக் கொண்டுபோய் "வருமான வரி" என்றேன். உடனே உட்கார்ந்தது. முதுகைக் காட்டி "நில்" என்றதும், சுற்றி வந்து முன்னால் நின்று பையைப் பார்த்தது. நான் அதற்குப் பரீட்சை வைத்த நாட்களெல்லாம் அது என்னைப் படித்துக்கொண்டிருந்திருக்கிறது. கோபம் வரவில்லை, இன்னும் என்னவெல்லாம் கவனித்திருக்கும் என்று அறியத்தான் ஆசையாக இருந்தது.

ஆலையிலும் இதைப் பார்த்திருக்கிறேன். தேதி சொல்லி நடத்தும் தீயணைப்பு ஒத்திகையில் எல்லோரும் தலைவாரிக்கொண்டு வரிசையாக வெளியே வருவார்கள். ஒருமுறை சொல்லாமல் மணியடித்தபோது, "இன்னிக்கு டிரில் இல்லியே சார்" என்று வேலையைத் தொடர்ந்தார்கள்.

ஆகவே முன்னறிவிப்பை நிறுத்தினேன். மொட்டைமாடியிலிருந்து, குளியலறை ஜன்னலிலிருந்து, செய்தித்தாளுக்குப் பின்னாலிருந்து "நில்" என்றேன். நின்றால் பொறை கொடுப்பது மனைவி.

"தெருவுல போறவங்க இன்னா நெனப்பாங்க? பாத்ரூம்ல இருந்து நில்லு நில்லுன்னு கத்திக்கினு கீறாரு மனுசன்!"

ஒருநாள் தண்ணீர் கேன் போடுகிறவர் கேட்டைச் சாத்தாமல் உள்ளே வந்தார். நாய் பாய்ந்தது. முனையில் லாரி திரும்பிக்கொண்டிருந்தது. நான் வராந்தாவில் பல் துலக்கிக்கொண்டிருந்தேன். "நில்!" என்றேன். ஒத்திகையில் வராத குரல், கீச்சென்று வந்தது.

கேட்டுக்கு வெளியே சாக்கடைப் பலகையின் விளிம்பில் நாய் நின்றது. திரும்பிப் பார்க்கவில்லை. முன்னங்கால்கள் நடுங்கின, ஓடத்தான் ஆசை. லாரி போகும்வரை அங்கேயே நின்றது.

மனைவி போய்க் கழுத்துப்பட்டையைப் பிடித்து இழுத்து வந்தாள். "பொன்னேரிக்கு வாணாம்" என்றாள்.

"அது சொல்லுக்கு நின்னுச்சா, நான் கத்துன பயத்துக்கு நின்னுச்சான்னு தெரியலியே. இன்னொரு தடவ கேட்டத் தொறந்து வெச்சுப் பார்த்தா..."

"வாயக் கொப்புளிச்சிட்டு வாங்க" என்று கேட்டைப் பூட்டினாள்.