கப்பல் படத்துக்கான வார்த்தைகள்

ஹவாய்த் தீவின் ஹிலோ ஊர் லாண்டரியில் துணி தேய்க்கிற டோமியே என்ற பெண், அம்மா செத்தபோது அழவில்லை. மறுநாளே வேலைக்குப் போய்விட்டாள். பிறகு ஏனோ, அம்மா ஜப்பானிலிருந்து இங்கே கரும்புத் தோட்டத்துக்கு வந்த கதையை அட்டை அட்டையாக வரைந்தாள். இறந்தவர்கள் வீடு திரும்புவதாக நம்பும் ‘போன்’ திருநாளன்று, கோயில் கூடத்தில் அதைப் படக்கதையாகச் சொல்ல ஏற்பாடு.

தொடங்குமுன் அக்கா ஷிகேயோ அட்டைக் கட்டிலிருந்து ஒன்றை உருவினாள். கூடைக்குள் கைக்குழந்தை, வாசலில் முதுகு காட்டியபடி அம்மா.

“இது வேண்டாம்டி. கல்யாணமாகாத பொண்ணுன்னு சொல்லித்தான் அம்மா கப்பலேறினா. பெத்ததை விட்டுட்டு வந்தவள்னு இப்ப ஊர் வாயில விழணுமா?”

“அம்மாவே சொன்னதுக்கா.”

“உன்கிட்ட சொன்னா. நீயும் பூசணிக்காய் விலை கேக்குற மாதிரி கேட்டுக்கிட்டே. ஊருக்குச் சொல்லச் சொன்னாளா?”

அட்டை அக்காவின் கைப்பைக்குள் போயிற்று.

மேடையோரம் கூட்டத்தைப் பார்த்து உட்கார்ந்து, கதை தொடங்குவதற்கு அடையாளமாக அக்கா கட்டை தட்டினாள். டோமியே அட்டைகள் செருகிய மரச்சட்டத்துக்குப் பின்னால் நின்று, காட்டி முடித்த படத்தை உருவிப் பின்னால் செருகிச் செருகிக் கதை சொன்னாள். ஒரு படத்துக்கான வார்த்தைகள் அதற்கு முந்தைய அட்டையின் முதுகில்தான் இருக்கும். அவசரத்தில் இருவருமே அதை மறந்துவிட்டார்கள்.

கூட்டத்துக்கு இப்போது தெரிவது கப்பல். டோமியேயின் கண்ணெதிரே இருப்பதோ, அக்கா எடுத்துவிட்ட கூடைப் படத்தின் வார்த்தைகள்.

“பால்குடி மறக்காத பிள்ளையைக் கூடையில் கிடத்திவிட்டு, திரும்பிப் பார்க்காமல் நடந்தாள்.”

பாதியில் நிறுத்தியிருக்கலாம். வாய் தானாக வாசித்து முடித்தது. கூட்டத்தில் வீசிக்கொண்டிருந்த கைவிசிறிகள் நின்றன.

“யாரு பிள்ளை?” என்றார் பின்வரிசைக் கிழவர்.

“அக்கா, கப்பலுக்கு வார்த்தை இல்ல. உன் பையில இருக்கு.”

“எதையாவது சொல்லிச் சமாளியேன்!”

“ஒண்ணுமே வரலக்கா.”

ஷிகேயோ அவளை முறைத்தாள். கூட்டத்தைப் பார்த்தாள். பிறகு பையைத் திறந்து, அட்டையின் முதுகை முகத்துக்கு நேரே பிடித்து வாசித்தாள்.

“கப்பலில் அவளுக்குப் பால் கட்டிக்கொண்டது. காய்ச்சலைப் பற்றிக் கேட்டவர்களிடம், கடல் ஒத்துக்கொள்ளவில்லை என்றாள்.”

அக்காவின் குரல் உடைந்தது. அட்டையின் மறுபக்கம் கூட்டத்தைப் பார்த்திருந்ததை அவள் உணரவில்லை. முன்வரிசைப் பிள்ளைகள் கழுத்தை நீட்டிக் கூடைக்குள் பார்த்தார்கள்.

டோமியே அதை அக்காவிடம் சொல்லவில்லை. தனக்கும் அழுகை வருமா என்று சற்று நின்று பார்த்தாள். வரவில்லை. கப்பலை உருவிப் பின்னால் செருகினாள்.