எந்திரி, கூடையெடு

பொகவந்தலாவைக்கு மேலே இருந்த எங்கள் தேயிலைத் தோட்டம் செல்லசாமியின் தப்புச் சத்தத்துக்குத்தான் விழிக்கும். இருட்டு விலகுமுன் எங்கள் வரிசை வீடுகளான லயத்தின் கோடியில் உள்ள மேட்டில் நின்று பெரட்டுத் தப்பு அடிப்பார். அதைக் கேட்டு ஆட்கள் பெரட்டுக் களத்தில் கூடி, வேலைக்குப் பிரிந்து போக வேண்டும். அந்த அடிக்கு லயத்துப் பெண்கள் ஒரு வசனம் வைத்திருந்தார்கள்: “எந்திரி, எந்திரி, கூடையெடு.” அவர் மனைவி ராக்காயி வேறு மாதிரிச் சொல்வாள்: “எங்க வீட்டுக்காரரு அங்க தட்டுனா இங்க என் இடுப்பு ஒடியும்.”

செல்லசாமிக்கு அது தைத்தது. மேட்டில் நிற்கிறவருக்கு மட்டும் கேட்கிற ஒன்று அந்த அடியில் இருந்தது. எதிர்மலையில் பட்டு அது திரும்பி வரும். மூடுபனி இருந்தால் மெத்தென்று வரும். அது வந்து சேர இடம் விட்டு அடுத்த அடியைப் போட்டால் இரண்டு தப்பு பேசிக்கொள்வது போலிருக்கும். கீழே காம்பராக்களில் அப்போது அடுப்பு, பிள்ளை, அவசரம். யார் காதிலும் அது விழாது. ராக்காயி ஒருநாள் உட்கார்ந்து அதைக் கேட்க வேண்டும். வேறு ஆசை என்று அவர் எதையும் சொல்லி நான் கேட்டதில்லை.

தோட்டத்து மாதா கோயிலில் அமிர்தநாதன் வாத்தியார் ஆர்மோனியம் வாசிப்பார். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிகிற நேரத்தில் செல்லசாமி வெளியே வந்து நிற்பார்.

“என்னய்யா, வேதத்துக்கு வரப்போறியா?”

“இல்லீங்க வாத்தியாரையா. அந்தப் பொட்டி என் தப்போட சேருமான்னு பாக்கணும்.”

“உன் தப்புக்கு சுருதி எது?”

“நெருப்புதாங்க.”

வாத்தியார் சிரித்துக்கொண்டே பெட்டியைத் தூக்கி வந்தார்.

செல்லசாமி சொன்னது வேடிக்கையில்லை. தீயில் காட்டினால் தோல் விறைத்துச் சுருதி ஏறும். எங்கள் பனியில் கொஞ்ச நேரத்தில் தொய்ந்து இறங்கிவிடும். ஆர்மோனியமோ அசையாது. ஆரம்பத்தில் அவர் பாட்டை நிறுத்தி நிறுத்தித் தீக்கு ஓடினார். பிறகு ஓட்டத்தை விட்டார். தோல் இறங்கும் போக்கிலேயே பாட்டும் இறங்கட்டும் என்று, வாத்தியாரை அரைக்கட்டை அரைக்கட்டையாகக் கீழே வரச் சொன்னார். தொடக்கம் பெரட்டு அடி. நடுவில் காமன் கூத்து நடை. அதன்மேல் கோயில் பாட்டுகளில் வருவது போல ஆர்மோனியத்தின் இரண்டு குரல். முடிவில் மறுபடி அதே பெரட்டு அடி, தொய்ந்த தோலில், எதிர்மலையிலிருந்து வருவது மாதிரி.

“காமன் அடியில தொடங்கேன்யா, சனம் ஆடும்” என்றார் வாத்தியார்.

“ஆடுறதுக்கு இல்லீங்களே.”

ஐம்பத்தாறாம் வருஷத் தைப்பொங்கல் பிற்பகல். பிள்ளைக்காம்பரா முற்றத்தில், வேலை நாளில் கைக்குழந்தைகளை விட்டுப்போகும் அதே இடத்தில், சனம் சாக்கு விரித்து உட்கார்ந்தது. ராக்காயி தலையில் பூவோடு முன்னால் இருந்தாள். செல்லசாமி தோலைக் காய்ச்சி, குச்சிகளைத் துடைத்து, அடித்தார்.

சனம் எழுந்துவிட்டது. யாரும் யோசித்து எழவில்லை. பேச்சியம்மா சேலையை இடுப்பில் செருகினாள். ஒருத்தி பிள்ளையைக் காம்பராவுக்குள் விடப் போனாள். ராக்காயியின் கை நெற்றியில் கூடைக் கயிற்றைத் தேடியது. பிறகு வெடித்த சிரிப்பில் ஆர்மோனியம் முழுகிப்போனது.

“பொங்கலன்னைக்கும் பெரட்டா அண்ணே?” என்று பேச்சியம்மா கத்தினாள். “சம்பளப் பேரு அரைநாளா முழுநாளா?”

செல்லசாமியும் சிரித்தார். தப்பைக் கீழே வைத்துவிட்டார்.

வீட்டுக்குப் போகும் வழியில் ராக்காயி சொன்னாள்: “வேற அடியில தொடங்குங்களேன். உக்காந்து கேக்க மாட்டேனா?”

“வேற அடிய வேற எவனும் அடிப்பான் புள்ள. நீ இதக் கேக்கணும்.”

சில வருஷங்களில் தொழிற்சாலையில் சங்கு வைத்தார்கள். பெரட்டுக்குத் தப்பு தேவைப்படவில்லை. வாத்தியாரும் அதற்குள் டிக்கோயாப் பக்கம் மாற்றலாகிப் போயிருந்தார். ஒரு ஞாயிறு, மூடுபனி இறங்கும் நேரம், செல்லசாமி மனைவியை மேட்டுக்குக் கூட்டிப்போனார்.

“இப்பத்தான் சங்கு ஊதுதே. இது இனிமே யாரையும் கூப்புடாது. உக்காரு.”

அவள் கல்லில் உட்கார்ந்தாள். முதல் அடி விழுந்ததும் எழுந்துவிட்டாள். வெட்கப்பட்டு உட்கார்ந்து, முழங்காலைக் கையால் அழுத்திப் பிடித்தாள். மறுபடி எழுந்தாள்.

“நான் உக்காரத்தாங்க பாக்குறேன். காலு கேக்க மாட்டேங்குது.”

அவர் குச்சியை இறக்கப் போனார்.

“நிறுத்தாதீங்க. நின்னுக்கிட்டே கேக்குறேன்.”

ஆர்மோனியம் வரவேண்டிய இடங்களை அவர் வாயால் முனகிக்கொண்டார். தோல் மெல்ல இறங்கியது. முடிவில் பெரட்டு அடி வந்தபோது ராக்காயி எதிர்மலைப் பக்கம் திரும்பினாள்.

“அங்கிட்டு யாருங்க அடிக்கிறது?”

செல்லசாமி அங்கிருந்து அது வந்து சேர இடம் விட்டு, அடுத்த அடியை அடித்தார்.