பிரிக்காமலே பயந்த தாள்

ஆரல்வாய்மொழியில் என் கணவர் நடத்திய காப்பிக் கடைக்கு ஒரு வருடம் லைசென்ஸ் புதுப்பிக்கவில்லை. கடையை மூடி வெகுநாள் கழித்து, அதற்காக வழக்குப் போட்டிருப்பதாகக் கோர்ட்டுத் தாள் வந்தது. அப்போது எங்கள் ஊர் மலையாள சமஸ்தானத்தில் இருந்ததால், எங்களுக்கு வரும் சர்க்கார் தாளெல்லாம் மலையாளத்தில்தான் இருக்கும். பள்ளிக்கூட வாத்தியார் வாசித்துச் சொன்னார்.

என் கணவர் வாய்தாவுக்கு ஒருமுறை போய் வந்தார். அடுத்த மாதம் இன்னொரு தாள் வந்தது. வாத்தியாரிடம் காட்டலாம் என்றேன்.

“வேண்டாம் ஏட்டி. அதே முத்திரைதான். ஜெயிலுக்குத்தான் கூப்பிடுகான். ஊரறிஞ்சா மானம் போயிரும்.”

அன்றே கணவாயைத் தாண்டிப் பணகுடிக்குப் போய்விட்டார். அது மதராஸ் மாகாணம், நம் போலீஸ் வராது என்று நம்பினார். மூன்றாம் வாரம், காலராவில் இறந்துவிட்டார் என்ற செய்திதான் வந்தது.

பதினாறாம் நாள் கழிந்து அந்தத் தாளை வாத்தியாரிடம் கொடுத்தேன். வாசித்தவர் தலை நிமிரவில்லை.

“கேஸைத் தள்ளியாச்சுன்னுல்லா எழுதியிருக்கு, அம்மா. கெடுவுக்குள்ள போடாத கேஸு செல்லாதாம்.”

பிறகு அவரிடமே மலையாள எழுத்துப் படித்தேன். இப்போது எங்கள் தெருவில் யாருக்குத் தாள் வந்தாலும் அன்றே போய் வாசித்துச் சொல்லிவிடுகிறேன். என் கணவருக்குத்தான் வாசித்துச் சொல்ல முடியவில்லை.